காலத்தை மீட்கும் படச்சுருள்

நுழையும்முன்

எழுத்தும் கல்வெட்டும் வரலாற்றுச் சான்றுகளாவதைப் போன்றே, அசையும் படங்களும் சான்றுகளாகின்றன. தொலைக்காட்சி ஆவணப்படங்களில் நாம் காணும் பழங்காட்சிகள் எங்கிருந்து கிடைக்கின்றன? அவற்றைப் பயன்படுத்துவோர்க்குரிய பொறுப்பு யாது?

தேடித் தொகுத்த தமிழர்

இத்துறையின் தமிழ் முன்னோடி, கோட்டையூரில் பிறந்த ஏ. கே. செட்டியார். டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக் கலை பயின்ற அவர், 1937ஆம் ஆண்டு அக்டோபர் 2ஆம் நாள், நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குச் சென்ற கப்பலில் காந்தியடிகளைப் பற்றிய ஆவணப்படம் உருவாக்க எண்ணங்கொண்டார். காந்தியடிகள் அப்போது உயிரோடிருந்தார். ஆயினும், கடந்துபோன போராட்டங்களை மீண்டும் படம்பிடிக்க இயலாது. பல நாட்டு ஒளிப்பதிவாளர்கள் முன்னரே எடுத்த காட்சிகளைத் தேடுவதே வழி.

நான்கு கண்டங்களில் ஏறத்தாழ ஒரு இலட்சம் மைல் பயணம் செய்து, சுமார் 50,000 அடிப் படச்சுருளைத் திரட்டினார். ஒலிப்படம் நிமிடத்துக்கு 90 அடி ஓடும். அக்கணக்கில் அது ஒன்பது மணி நேரத்துக்கும் மேற்பட்ட காட்சி. அதிலிருந்து சுமார் 12,000 அடியைத் தேர்ந்து தொகுத்த தமிழ்ப்படம் 1940இல் வெளிவந்தது. எதை விடுப்பது எனத் தெளிவதும் தொகுப்புக் கலையே என்பதை இக்கணக்கு உணர்த்துகிறது.

காத்தலும் இழத்தலும்

பழங்காட்சிகளைக் கையாளுதல் எளிதன்று. தொடக்ககால நைட்ரேட் படச்சுருள் எளிதில் தீப்பற்றும்; பின்வந்த அசிடேட் சுருள் சிதையும்போது காடியின் நெடி வீசும். ஊமைப்படங்கள் பல நொடிக்கு 16 படங்கள் அளவில் எடுக்கப்பட்டவை. அவற்றை 24 படங்கள் வேகத்தில் ஓட்டினால், நடப்பவர் ஓடுபவராகத் தோன்றுவார். வேகத்தைச் சீர்செய்யாவிடில் தலைவர்களின் நடையும் நகைப்புக்குரியதாகிவிடும்.

காந்த நாடாவோ அழித்து மீண்டும் பயன்படுத்தத்தக்கது. அவ்வசதியே கேடாயிற்று. 1969இல் மனிதன் நிலவில் இறங்கியபோது பதிவான மூல நாடாக்களும் பின்னர் அழிக்கப்பட்டு மறுபயன்பாட்டுக்குச் சென்றன. தொலைக்காட்சி நிலையங்களிடமிருந்த பிரதிகளே அக்காட்சிகளைச் சீரமைக்க உதவின.

செட்டியாரின் படத்துக்கும் இந்நிலை நேர்ந்தது. தமிழ் மூலப்படம் காணக்கிடைக்காமற் போயிற்று. 1953இல் அமெரிக்காவில் வெளியான ஆங்கில வடிவத்தின் பிரதி, அந்நாட்டுப் பல்கலைக்கழகம் ஒன்றிலிருந்து ஆய்வாளர் ஆ. இரா. வேங்கடாசலபதியின் முயற்சியால் கிடைத்தது. உலகெங்கும் தேடித் தொகுத்தவரின் படைப்பையே பிறர் தேடவேண்டியதாயிற்று!

உண்மையே உயிர்

திண்டிவனத்திலிருந்து புதுச்சேரி செல்லும் சாலையிலுள்ள கிளியனூரின் வேளாண்மை குறித்து நீங்கள் ஆவணப்படம் எடுப்பதாகக் கொள்வோம். ஏற்றம் இறைக்கும் பழங்காட்சியொன்று கிடைக்கிறது. ஆனால், அது தஞ்சைப் பகுதியில் எடுக்கப்பட்டது. ஏற்றம் எங்கும் ஏற்றந்தானே என்று அதனைக் கிளியனூர்க் காட்சியாகக் காட்டலாமா? காட்டினால், நாளை அப்படத்தையே சான்றாகக் கொள்பவர் பிழையை வரலாறாக எழுதுவார். ‘தஞ்சைப் பகுதியில் எடுக்கப்பட்ட காட்சி’ என்று திரையில் பொறித்தால் அழகும் கெடாது, உண்மையும் கெடாது.

ஆகவே, எடுத்தவர், இடம், நாள், உரிமையாளர் ஆகியவற்றைக் குறித்துவைத்தலும், உரிமையாளரிடம் இசைவு பெறுதலும், மூலத்தைத் தொடாது பிரதியில் பணியாற்றுதலும் தொகுப்பாளரின் கடமைகளாகும்.

நம் வீட்டுப் பரணில் உறங்கும் திருமண ஒளிநாடாவிலும் ஓர் ஊரின் தெருவும் உடையும் பேச்சும் பதிந்திருக்கலாம். பூஞ்சை படருமுன் அதனைக் காப்பது நம் கடமை.

தெரிந்து தெளிவோம்

இந்தியத் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் 1964இல் புனேயில் நிறுவப்பட்டது. ஒலி-ஒளி மரபுச் செல்வங்களுக்கான உலக நாள் அக்டோபர் 27.

கற்பவை கற்றபின்

1. உங்கள் வீட்டிலுள்ள பழைய ஒளிப்பதிவு ஒன்றைப் பார்த்து, அதன் இடம், காலம், இடம்பெற்றோர் குறித்த விவர அட்டை உருவாக்குக.

2. ‘பொருத்தமான காட்சியா, உண்மையான காட்சியா?’ – வகுப்பறையில் கலந்துரையாடுக.