கொழும்புக்கு ஒரு பீலி

நம் லயத்துப் பீலிக்கு மோட்டார் கிடையாது. மேலே ஊற்று, கீழே குழாய், அவ்வளவுதான். கொழும்புக்கும் முதல் குழாய்த் தண்ணீர் இப்படித்தான் வந்தது. அதுவரை பட்டணத்து மக்கள் கிணறுகளையே நம்பியிருந்தார்கள். 1886இல் லபுகம காட்டில் அணை கட்டி முடித்தார்கள். அங்கிருந்து சுமார் 40 கிலோமீட்டர் குழாய் வழியே, மாளிகாகந்த நீர்த்தொட்டிவரை தண்ணீர் சரிவிலேயே ஓடி வந்தது. 1950களில் பக்கத்திலேயே கலட்டுவாவ அணையும் சேர்ந்தது.

அணையைவிடப் பெரிய வேலை, சுற்றியுள்ள காட்டை வெட்டாமல் காத்ததுதான் என்போம். மழைத் தண்ணியை வேர் பிடிச்சு வைக்கும். மண் கரைஞ்சு அணைக்குள்ளே வராது. நம்ம பீலிக்கு மேலே நிற்கிற மரங்களை விறகுக்கு வெட்டிட்டா? மழையிலே சேத்துத் தண்ணி, வெயிலிலே காய்ஞ்ச பீலி.

இன்று கொழும்பின் பெரும்பகுதித் தண்ணீர் அம்பத்தலையில் களனி கங்கையிலிருந்து எடுத்துச் சுத்தமாக்கப்படுகிறது. மஸ்கெலியா, நோர்வூட் பக்கத்துத் தோட்ட ஓடைகளும் அந்தக் கங்கையில்தான் போய்ச் சேருகின்றன.