கலியன் செய்த சத்தியம்



கலியன் வரம் வாங்கிக்கொண்டு பூமிக்கு வருகிற இடத்தை அகிலத்திரட்டு அம்மானைத் திருஏடு வாசிப்பில் கேட்டிருப்பீர்கள். மாயோன் பண்டார வேடத்தில் வழிமறித்துச் சண்டைக்கு அழைக்கிறார். ஆயுதமில்லாத பண்டாரத்தோடு மோதினால் தனக்கு இழுக்கு என்று கலியன் மறுக்கிறான். அந்தச் சொல்லையே பிடித்துக்கொண்டு, பண்டாரங்களைத் துன்புறுத்த மாட்டேன் என்று அவனிடம் சத்தியம் வாங்கிவிடுகிறார் மாயோன்.

அங்கே கலியன் பெருந்தன்மை காட்டினான் என்று சிலர் விளக்கம் சொல்வதுண்டு. அது பொருந்தவில்லை. பண்டாரத்தின்மேல் அவனுக்கு இரக்கமே கிடையாது. தன் பெயர் கெடக்கூடாது, அவ்வளவுதான். அதனால்தான் பிற்பாடு சத்தியம் நிற்கவில்லை. அய்யா பண்டாரமாக இருந்தபோது, கலிநீசன் படை அனுப்பிப் பிடித்துச் சிங்காரத்தோப்பில் சிறை வைத்தான். மக்கள் எதிர்த்து நிற்கத் துடித்தார்கள். அய்யா பொறுத்திருக்கச் சொல்லிவிட்டுத் தானே நடந்து போனார். ஓங்கிய கையை அடக்குவதற்குத்தான் அன்று அதிக பலம் வேண்டியிருந்தது.

பெண்கள் காரியத்திலும் இதையே பார்க்கலாம். அந்நாளைய திருவிதாங்கூரில் சான்றோர் குலப் பெண்கள் தோள்சீலை போடக்கூடாது, தண்ணீர்க் குடத்தை இடுப்பில் வைக்கக்கூடாது. சீலையைக் கிழித்தவர்கள் தங்களை வீரர்களாகத்தான் நினைத்தார்கள். தங்கள் வீட்டுப் பெண்களின் மானத்துக்குக் காவல் நின்றவர்களும் அவர்களேதான்! அய்யா நம் ஆண்களைக் கம்போடு காவல் நிற்கச் சொல்லவில்லை. பெண்களையே தோள்சீலை போடச் சொன்னார், குடத்தை இடுப்பில் எடுக்கச் சொன்னார். ஆண்களைத் தலைப்பாகை கட்டச் சொன்னார். அரசாங்கம் தோள்சீலைக்கு இசைந்தது 1859இல். அய்யா வைகுண்டம் சென்றது 1851இல். உத்தரவு வரட்டும் என்று அவர் காத்திருக்கவில்லை.

வாகைப்பதித் துவையல் தவத்தையும் நினைத்துப் பாருங்கள். 700 குடும்பத்தார், ஆணும் பெண்ணுமாக, தினமும் துவைத்துக் குளித்து, பச்சரிசியும் சிறுபயறும் ஒரு வேளை மட்டும் உண்டு கிடந்தார்கள். துணி துவைப்பது அங்கே பெண்ணின் வேலையாக இல்லை. தவமாக இருந்தது.

இன்று தாங்கலில் அன்னதர்மம் என்றால் அண்டா கழுவ ஆண்கள் முந்திக்கொண்டு வருகிறார்கள். பார்க்கவே சந்தோஷம். ஆனால் தலைப்பாகையை அவிழ்த்து வைத்துவிட்டு வீட்டுக்குப் போனதும், சாப்பிட்ட தட்டை அங்கேயே விட்டு எழுகிறவர்கள் இருக்கிறார்கள். எதிர்த்துப் பேசும் மனைவியிடம் கை நீட்டுவதை ஆண்மை என்பவர்களும் இருக்கிறார்கள். அவளும் ஆயுதமில்லாமல்தானே நிற்கிறாள்? கலியன்கூட ஊர் பார்க்கிறது என்று அன்று அஞ்சினான். வீட்டுக்குள் அந்த அச்சமும் இல்லை.

அய்யா உண்டு.