எழுதியவனும் எடுத்தவனும்

புத்தளத்துத் தில்லையடியில் வளர்ந்து, சொந்தமாகக் கதை எழுதிச் சொந்தமாகவே படமெடுக்கும் ஆசைக்கு ஆட்பட்ட எனக்கு, அத்தொழிலின் பெருஞ்சங்கடம் பணம் அன்று என்பது விளங்க வெகுகாலம் பிடித்தது. பணத்துக்கு முன்மாதிரி உண்டு. கேரளத்தில் ஜான் ஆபிரகாமும் ஒடெஸா குழுவினரும் ஊரூராய்ப் படங்காட்டி, ஜனங்களிடம் சிறுகச் சிறுகச் சேர்த்த தொகையைக்கொண்டே 1986இல் ‘அம்ம அறியான்’ படத்தை முடித்தார்கள். நாங்களும் வெள்ளைச் சேலையொன்றைக் கட்டிப் படங்காட்டி உண்டியல் குலுக்கினோம்; தேநீர்ச் செலவு போக மிஞ்சியது இரண்டு நாள் படப்பிடிப்புக்குக் கண்டது.

சங்கடம் வேறிடத்தில் இருந்தது. 1977இல் வெளிவந்த ‘பொன்மணி’ படத்தை எழுதியவர் காவலூர் இராஜதுரை, இயக்கியவர் தர்மசேன பத்திராஜ. இருவர் என்றால் ஒருவரையொருவர் மறுத்துரைக்க இடமுண்டு. என் மண்டைக்குள்ளோ எழுத்தாளன் எஜமானனாகவும், டைரக்டர் அவனுடைய குமாஸ்தாவாகவும் இருந்தார்கள்.

1990 ஒக்டோபரில், இரண்டு மணி நேர அவகாசத்தில் யாழ்ப்பாணத்திலிருந்து வெளியேற்றப்பட்டுப் புத்தளக் கரையில் கிடுகுக் கொட்டில்களில் ஒதுங்கிய முஸ்லிம்களுள் ஒருவரான அயல்வீட்டு மூதாட்டி, அந்நாளைச் சொல்லிச் சொல்லி இறுதியில் கண்ணீர் உகுக்கவேண்டும் என்று படத்தின் பிரதியில் நான் எழுதியிருந்தேன். “அழுகையெல்லாம் அண்டைக்கே முடிஞ்சுது மகன்” என்று சொல்லிவிட்டு அவர், சோனகத் தெருவின் மூலையிலிருந்து ஒவ்வொரு வீடாக, இன்னார் வீடு, வாசலில் இன்ன மரம், இன்னார் ஆடு வந்து மேய்ந்த வேலி என்று வரிசையாகச் சொல்லத் தொடங்கினார். பிரதியில் இல்லாத இந்த விஷயத்துக்குக் கமெராவைச் செலவிடுவானேன் என்ற அகங்காரத்தோடு, மூன்றாவது நிமிஷத்தில் ‘கட்’ சொன்னேன். மூதாட்டி நிறுத்தவில்லை. நல்லவேளையாக, ஒலிப்பதிவு செய்த பையனும் நிறுத்தவில்லை.

அன்று முதல், கமெரா ஓய்ந்தாலும் ஒலிப்பதிவு ஓயலாகாது என்பது எங்கள் குழுவில் சட்டம். சோழகம் வீசும் மாதங்களில் மைக்குக்குக் கம்பளி உறை போட்டாலும் பகலில் பேச்சு தேறாது. ஆகவே அதிகாலைச் சுபஹுத் தொழுகை முடிந்த கையோடு வேலையைத் தொடங்கிவிடவேண்டும். (புத்தளத்துக் கழுதைகளுக்கு மட்டும் நேரங்காலம் கிடையாது.)

படத்தில் மூதாட்டியின் முகம் மூன்று நிமிஷமே இருக்கிறது. பிறகு பாலாவி உப்பளத்தின் வெள்ளைப் பாத்திகளின்மேல் அவர் குரல் வீடுவீடாகப் போய்க்கொண்டிருக்கும். தில்லையடியில் முதன்முதலாகக் காட்டியபோது, முன்வரிசையிலிருந்த முதியவரொருவர் எழுந்து, “நடுவில ஒரு வீட்ட விட்டுட்டா!” என்று கூவினார்; இல்லை, அது அடுத்த ஒழுங்கையில் என்றார் இன்னொருவர். தர்க்கம் முற்றவே, படத்தை நிறுத்திவைத்துவிட்டுத் தேநீருக்குச் சொல்லியனுப்பினோம்.