ஸ்கூட்டர் பேட்டரி: மாற்றும் முன் சோதித்துப் பாருங்கள்

தோவாளை மலர்ச் சந்தையில் வியாபாரம் விடியும் முன்பே தொடங்கிவிடும். பிச்சிப்பூ கொண்டுபோகும் சிறு விவசாயியின் ஸ்கூட்டர் அந்நேரத்தில் கிளம்பாவிட்டால் அன்றைய நல்ல விலை கைநழுவிப் போகும். அதற்காகப் பட்டனை அழுத்தி வண்டி கிளம்பாதவுடன் புதுப் பேட்டரி வாங்குவதும் சரியன்று. குறை வேறிடத்தில் இருந்தால், ஆயிரம் ரூபாய்க்கு மேல் செலவழித்த பின்னும் பழைய தொல்லையே திரும்பும்.

பேட்டரி கெடுவது ஏன்?

12 வோல்ட் பேட்டரியில் 6 அறைகள் உள்ளன. அவற்றில் ஈயத் தகடுகளும் கந்தக அமிலமும் இருக்கும். மின்சாரம் செலவாகும்போது தகடுகளின் மேல் ஈய சல்பேட் படியும். மின்னேற்றம் நடக்கும்போது அப்படிவு நீங்கும். ஆனால் பேட்டரி பல நாட்கள் மின்சாரம் இறங்கிய நிலையிலேயே கிடந்தால் படிவு கெட்டிப்பட்டுவிடும். பிறகு எவ்வளவு மின்னேற்றினாலும் பழைய வலு வராது.

ஐப்பசி, கார்த்திகை அடைமழையில் வாரக்கணக்கில் நிற்கும் வண்டிக்கு இக்கேடு விரைவில் வரும். வீட்டிலிருந்து வயல்வரை அரை கிலோமீட்டர் மட்டும் ஓடும் வண்டிக்கும் அப்படியே. ஸ்டார்ட்டர் எடுத்த மின்சாரத்தைத் திரும்ப நிரப்ப அவ்வளவு ஓட்டம் போதாது.

அறிகுறிகள்

ஸ்டார்ட்டர் மெதுவாகச் சுற்றுதல், 'டிக் டிக்' என்ற ஓசை மட்டும் கேட்டல், ஹாரன் கம்முதல், பட்டனை அழுத்தும்போது விளக்கு மங்குதல் ஆகியவை பேட்டரி சோர்ந்ததன் அறிகுறிகள். எனினும் இணைப்பு தளர்ந்தாலும் இவையே தோன்றும். ஆகவே கீழ்க்கண்ட சோதனைகளை வரிசையாகச் செய்தல் வேண்டும். சில நூறு ரூபாய் விலையுள்ள மல்டிமீட்டர் ஒன்று போதும். அதை டி.சி. 20 வோல்ட் அளவில் வைக்க வேண்டும்.

1. இணைப்பு: மணக்குடி, இராஜாக்கமங்கலம் போன்ற கடலோர ஊர்களில் உப்புக்காற்றால் பேட்டரி முனைகளில் களிம்பு எளிதில் பிடிக்கும். முதலில் நெகடிவ் இணைப்பையும் பிறகு பாசிடிவ் இணைப்பையும் கழற்ற வேண்டும். சமையல் சோடா கரைத்த நீரில் நனைத்த பழைய பிரஷ்ஷால் தேய்த்து, துடைத்து, நன்கு உலர்த்த வேண்டும். பாசிடிவை முதலில் பூட்டி, பிறகு நெகடிவை இறுக்கி, மேலே வாசலின் தடவலாம்.

2. ஓய்வு நிலை: இரவு முழுவதும் நின்ற வண்டியில் காலையில் அளக்க வேண்டும். 12.6 வோல்ட்டுக்குக் குறையாதிருந்தால் பேட்டரி நிரம்பியுள்ளது. 12.2 என்றால் ஏறத்தாழ பாதிதான். 10.5 அளவில் நின்றால் பெரும்பாலும் ஓர் அறை செத்துவிட்டது.

3. மின்னேற்றம்: இன்ஜின் சற்று வேகமாக ஓடும்போது 13.5 முதல் 14.5 வோல்ட் வரை காட்ட வேண்டும். 13க்கும் கீழே நின்றால் மின்னேற்றும் பகுதியில் கோளாறு. 15ஐத் தாண்டினால் ரெகுலேட்டரைப் பார்க்க வேண்டும். இக்குறையைத் தீர்க்காமல் போடும் புதுப் பேட்டரியும் வீணாகும்.

4. கிளப்பும்போது: நிரம்பிய பேட்டரியில் பட்டனை அழுத்துகையில் வோல்ட் 9.5க்கும் கீழே விழுந்தால் அதன் வலு போய்விட்டது.

மாற்ற வேண்டிய நேரம்

இணைப்பும் மின்னேற்றமும் சரியாக இருந்து, சார்ஜரில் முழுவதும் ஏற்றிய பேட்டரி மறுநாள் காலையில் 12.4 வோல்ட்டுக்கும் கீழே இறங்கினால் மாற்றுவதே நலம். பேட்டரி உப்பியிருந்தாலோ, வெடித்திருந்தாலோ, அமிலம் கசிந்தாலோ வேறு சோதனை வேண்டாம்; உடனே மாற்ற வேண்டும். பொதுவாக ஸ்கூட்டர் பேட்டரி 2 முதல் 4 ஆண்டுகள் உழைக்கும். ஆனால் வயதை மட்டும் பார்த்து மாற்றத் தேவையில்லை.

புதியது வாங்கும்போது வண்டிக்குக் குறிப்பிட்ட அதே ஆம்பியர்-மணி அளவுள்ளதாகவும், அண்மையில் தயாரானதாகவும் பார்த்து, உத்தரவாத அட்டையில் தேதியும் முத்திரையும் பெற வேண்டும்.

பழைய பேட்டரியை உடைத்து வாய்க்கால் ஓரத்தில் கொட்டக் கூடாது. ஈயம் மண்ணையும் நீரையும் நஞ்சாக்கும். குழந்தைகளின் மூளை வளர்ச்சியைக் கெடுக்கும். 2022ஆம் ஆண்டின் பேட்டரிக் கழிவு மேலாண்மை விதிகளின்படி பழைய பேட்டரிகள் மறுசுழற்சிக்கே போக வேண்டும். ஆகவே அதைக் கடையில் கொடுத்து, அதற்குரிய தொகையைப் புதியதன் விலையில் கழித்துக்கொள்ளலாம்.

வண்டி ஓடாத மழை நாட்களில் வாரம் ஒருமுறை அரை மணி நேரமாவது ஓட்டுவது பேட்டரியின் ஆயுளைக் கூட்டும். பூவுக்குக் கிராக்கி மிகுந்த ஓண நாட்கள் வருமுன், ஓய்வான ஒரு காலையில் இந்த நான்கு சோதனைகளையும் செய்து வைத்தால் சந்தை நாளில் வண்டி காலை வாராது.