சஞ்சீவி மலையின் இரண்டு மூலிகைகள்

நமது சங்கத்தின் ஞாயிற்றுக்கிழமைத் தமிழ் வகுப்பில் சென்ற மாதம் பாரதிதாசனின் 'சஞ்சீவி பர்வதத்தின் சாரல்' பாடம் நடந்தது. தாராவியிலிருந்தும் செம்பூரிலிருந்தும் வரும் பிள்ளைகள். வீட்டில் தமிழ், பள்ளியில் ஆங்கிலமும் மராத்தியும், தெருவில் இந்தி என்று வளர்கிறவர்கள். அவர்களுக்குச் சொன்னதைப் பெற்றோர்களும் அறிந்தால் வீட்டில் பேசிக்கொள்ள உதவும் என்று இங்கே எழுதுகிறேன்.

கதைச் சுருக்கம்

பாரதிதாசன் (1891–1964) புதுச்சேரியில் பிறந்து, தமிழாசிரியராகப் பணிபுரிந்தவர். இந்தக் குறுங்காவியம் 1930-ல் வெளிவந்தது. சஞ்சீவி மலைச் சாரலில் குப்பன், வஞ்சி என்ற காதலர் இருவர். அந்த மலையில் இரண்டு மூலிகைகள் உண்டு. ஒன்றைத் தின்றால் உலகத்தில் யார் எங்கே பேசினாலும் காதில் விழும். மற்றொன்றைத் தின்றால் உலகக் காட்சிகள் கண்முன் தெரியும். அவற்றைப் பறித்துத் தரும்படி வஞ்சி கேட்கிறாள். பெண் கேட்பதா என்று குப்பன் தயங்க, பெண்ணுக்கும் உரிமை உண்டு என்று அவள் வாதாடிப் பெறுகிறாள்.

மூலிகையைத் தின்றதும் அயல்நாட்டார் பேச்சுக்கள் கேட்கின்றன. பிறகு நம் நாட்டிலிருந்து ஒரு குரல்: அனுமார் மலையைப் பெயர்த்துத் தூக்குகிறார் என்கிறது. தாம் நிற்கும் மலைதான் பெயரப்போகிறது என்று குப்பன் நடுங்கிப்போகிறான். மலையோ அசையவில்லை. கேட்டது ஒரு பாகவதரின் கதாகாலட்சேபம்! வஞ்சி அவனுக்குப் பகுத்தறிவு சொல்லித் தெளிவிக்கிறாள்.

புராணங்களைப் பற்றிய கவிஞரின் கருத்து நம்மில் எல்லோருக்கும் உடன்பாடாக இராது. ஆனால் குப்பன் செய்த பிழையை எந்தக் கட்சியினரும் செய்யக் கூடும்.

மூலிகையின் பூர்வீகம்

கம்பராமாயணத்தின் யுத்த காண்டத்தில் மருத்துமலைப் படலம் என்று ஒரு பகுதி இருக்கிறது. அதில் சாம்பவான் அனுமனிடம் நான்கு மருந்துகளைச் சொல்கிறான். மாண்டவரை எழுப்புவது ஒன்று. பிளந்த உடலைப் பொருத்துவது ஒன்று. தைத்த ஆயுதங்களை வெளியேற்றுவது ஒன்று. பழைய உருவத்தைத் திரும்பத் தருவது ஒன்று. உயிர் கொடுப்பது நீங்கலாக மற்ற மூன்றும் இன்று அறுவை மருத்துவர் செய்கிற வேலைகளே. போர்க்களத்தில் காயம்பட்டவனுக்கு என்னென்ன வேண்டும் என்று யாரோ ஒழுங்காக யோசித்திருக்கிறார்கள்.

இந்தச் செடி உண்மையில் உண்டா என்று தேடியவர்களும் உண்டு. 2009-ல் 'கரண்ட் சயன்ஸ்' இதழில் கணேசையா முதலிய அறிஞர்கள், எந்தெந்தச் செடி பொருந்தும் என்று ஆராய்ந்து எழுதினர். அவற்றில் ஒன்று செலாஜினெல்லா பிரையாப்டெரிஸ். 2016-ல் உத்தராகண்ட் அரசு துரோணகிரிப் பக்கம் தேடுவதற்கு 25 கோடி ரூபாய் ஒதுக்குவதாக அறிவித்தது.

கோயில் வாசல்களில் 'சஞ்சீவி' என்று விற்கும் காய்ந்த சுருள் இந்தச் செலாஜினெல்லா வகைதான். தண்ணீரில் போட்டால் சில மணி நேரத்தில் விரிந்து பச்சையாகும். மாட்டுங்காவில் ஒன்று வாங்கி வந்து வகுப்பில் ஒரு தட்டில் வைத்தேன். வகுப்பு முடிவதற்குள் அது விரியத் தொடங்கியதும் பிள்ளைகள் கை தட்டினார்கள். இது மந்திரமல்ல. நீர் வற்றும்போது இலைகள் உள்ளே சுருண்டு வெயிலிலிருந்து தப்புகின்றன. உயிரணுக்களில் உள்ள சிலவகைச் சர்க்கரைகள் அவை சிதையாமல் காக்கின்றன. தான் பிழைத்துக்கொள்ளும் வித்தை அந்தச் செடிக்குத் தெரியும். அதனால் மனிதனைப் பிழைக்க வைக்கும் என்று ஆகிவிடாது.

ரயில்வேயில் ஒரு பழக்கம்

"அந்த மூலிகை கிடைத்தால் என்ன கேட்பீர்கள்?" என்று வகுப்பில் கேட்டேன். கிரிக்கெட் என்றான் ஒருவன். "ஊர்ல ஆச்சி தனியா இருக்காங்க, என்ன பேசுறாங்கன்னு கேப்பேன் தாத்தா" என்றாள் ஒரு சிறுமி. அடுத்தவன் சிரித்துக்கொண்டே, "அதுக்கு எதுக்கு மூலிகை? வீடியோ கால் போடு" என்றான்.

அவன் சொன்னது சரி. இரண்டு மூலிகைகளும் இப்போது நம் சட்டைப் பையில் இருக்கின்றன. பாகவதரின் குரலும் அதிலேயே வருகிறது.

நான் சிக்னல் பிரிவில் வேலை பார்த்தவன். சிக்னலோடு இணைக்கப்படாத லெவல் கிராசிங்கில், கேட்டை மூடிவிட்டேன் என்று கேட்மேன் தொலைபேசியில் சொன்னால் மட்டும் போதாது. தன்னிடமுள்ள தாளிலிருந்து ஓர் எண்ணையும் சொல்ல வேண்டும். அதற்குப் பிரைவேட் நம்பர் என்று பெயர். ஸ்டேஷன் மாஸ்டர் அதைப் பதிவேட்டில் எழுதிய பிறகுதான் சிக்னல் கொடுப்பார். பழகிய குரல்தானே என்று விட்டுவிட முடியாது. குரல் மட்டும் ஒருபோதும் அத்தாட்சி ஆகாது.

இத்தனை தெரிந்த நானே மூன்று வருடங்களுக்கு முன் தவறினேன். ஓர் இலைக் கஷாயம் சர்க்கரை நோயை அடியோடு போக்கும் என்று கைபேசியில் ஓர் ஒலிப்பதிவு வந்தது. கணீரென்ற நல்ல தமிழ். பேசியவர் யார் என்று பாராமல் மனைவிக்கு அனுப்பிவிட்டேன். நான் அனுப்பியது என்பதால் அவள் நம்பினாள், மாத்திரையை நிறுத்திவிட்டாள். மூன்றாம் வாரம் மயங்கி விழுந்து நான்கு நாள் ஆஸ்பத்திரியில் இருந்தாள். வீடு திரும்பிய பின், "நீங்க அனுப்பினதாலதானே குடிச்சேன்" என்று ஒரே ஒரு முறை சொன்னாள். அதற்கு என்னிடம் பதில் இல்லை.

மூலிகை மேல் எனக்கு வெறுப்பில்லை. கஷாயமும் எங்கள் வீட்டில் உண்டு. ஆனால் எழுதிக் கொடுத்த மருந்தை நிறுத்துவது மருத்துவர் சொல்லித்தான் நடக்க வேண்டும்.

வீட்டில் பேசுவதற்கு

1. குப்பன் பயந்தபோது முதலில் எதைப் பார்த்திருக்க வேண்டும்?
2. வஞ்சி மூலிகை கேட்டது சரியா? ஏன்?
3. இந்த வாரம் உங்கள் கைபேசிக்கு வந்த ஒரு செய்தியை எடுத்துக்கொள்ளுங்கள். சொன்னவர் யார், எப்போது சொன்னார், வேறு யாரிடம் கேட்டு உறுதி செய்யலாம் என்று மூன்று வரி எழுதி வாருங்கள்.

மூன்றாம் கேள்விக்குப் பெற்றோர்களும் விடை எழுதலாம். எங்கள் வீட்டில் இப்போது என் மனைவிதான் அதைத் திருத்துகிறாள்.