பக்கவாதம் வந்தவரை வீட்டில் பார்த்துக்கொள்ள

அப்பாருவை ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்குக் கூட்டி வந்தபின் பயிற்சியைத் தள்ளிப்போடாதீர்கள். முதல் சில மாதங்களில்தான் மூளை வேகமாக மீண்டும் பழகும். அதன் பிறகும் முன்னேற்றம் உண்டு. மதுக்கரையிலிருந்து கோவைக்கு அடிக்கடி பஸ் ஏற்றிப் போக முடியாதா? 2021 ஆகஸ்டில் தொடங்கிய ‘மக்களைத் தேடி மருத்துவம்’ திட்டத்தில் இயன்முறை சிகிச்சையை வீட்டுக்கே வந்து தருகிறார்கள். அருகிலுள்ள ஆரம்ப சுகாதார நிலையத்தில் கேளுங்கள்.

நான் மிகவும் அஞ்சுவது தோளுக்குத்தான். செயலிழந்த கையைப் பிடித்து இழுத்துத் தூக்கவே கூடாது. தளர்ந்த தசையால் மூட்டைத் தாங்க முடியாது, எளிதில் நழுவும். அதனால் தோளில் வலி வந்துவிட்டால் பயிற்சியே நின்றுபோகும். இடுப்பைத் தாங்கி எழுப்புங்கள். உட்காரும்போது அந்தக் கைக்கு அடியில் தலையணை வையுங்கள்.

சட்டை போடும்போது பாதித்த கை முதலில், கழற்றும்போது கடைசியில். படி ஏற நல்ல கால் முன்னே, இறங்கப் பாதித்த கால் முன்னே. ஊன்றுகோல் நல்ல கையில்.

நிமிர்ந்து உட்கார்ந்தே சாப்பிட வேண்டும். தண்ணீர் குடித்ததும் இருமினாலோ குரல் கரகரத்தாலோ மருத்துவரிடம் சொல்லுங்கள். நீர் நுரையீரலுக்குள் போயிருக்கலாம்.

பாசத்தில் எல்லாவற்றையும் நாமே செய்து கொடுத்துவிடுகிறோம். டம்ளர் எடுப்பதை, துண்டு மடிப்பதை அவரே திரும்பத் திரும்பச் செய்யட்டும், நேரமானாலும் பரவாயில்லை.

ரத்த அழுத்த மாத்திரையை நீங்களாக நிறுத்தாதீர்கள். வாய் மறுபடி கோணினாலோ பேச்சு குழறினாலோ நேரத்தைக் குறித்துக்கொண்டு உடனே 108-ஐ அழையுங்கள். ரத்தக்கட்டியைக் கரைக்கும் ஊசியைப் பொதுவாக நாலரை மணி நேரத்துக்குள் போட வேண்டும்.