தீர்ப்பு வந்த பிறகு

தம்பி, கோர்ட்டில் உன் பக்கம் தீர்ப்பானதும் தெருவில் சரவெடி வைத்தாயாம். சிவகாசிக்காரனுக்கு வெடிக்கா பஞ்சம்! ஆனால் அந்தச் சத்தம் தாலுகா ஆபீஸ் பதிவேட்டுக்குக் கேட்காது. நானும் அண்ணனோடு வழக்காடி ஜெயித்துவிட்டு, ஒன்பது வருஷம் தூங்கியவன். அந்தத் தூக்கம் கற்றுக்கொடுத்ததைச் சொல்கிறேன், கேள்.

1. காகிதத்தைக் கையில் வாங்கு. தீர்ப்பு வேறு, டிக்ரி வேறு. இரண்டுக்கும் நகல் மனு போட்டு, கோர்ட் முத்திரையோடு வாங்கு. சர்வே எண், உட்பிரிவு, நான்குமால் எல்லாவற்றையும் விரல் வைத்துப் படி. டிக்ரியில் ஓர் எண் பிசகினாலும் கோர்ட்தான் திருத்த வேண்டும். தாசில்தாரிடம் கெஞ்சிப் பயனில்லை.

2. பாதிக் கிணறு தாண்டாதே. பாகப்பிரிவினை வழக்கில் முதல்நிலை டிக்ரி, உனக்கு எத்தனை பங்கு என்று மட்டும் சொல்லும். எந்த மூலை உன்னுடையது என்பது, கமிஷனர் அளந்த பிறகு முத்திரைத்தாளில் எழுதப்படும் இறுதி டிக்ரியில்தான் இருக்கும். நான் முதலாவதை வாங்கியதுமே துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வீட்டுக்கு வந்துவிட்டேன்.

3. அப்பீல் என்றதும் கலங்காதே. மாவட்ட நீதிமன்றத்துக்கு 30 நாள், உயர் நீதிமன்றத்துக்கு 90 நாள் கெடு உண்டு. எதிராளி அப்பீல் போட்டதாலேயே டிக்ரி நின்றுவிடாது. தடையாணை வாங்கினால்தான் நிற்கும். 2004 ஜூலையில் மதுரைக் கிளை வருமுன் நாங்கள் சென்னைக்கு ரயிலேறினோம். உனக்கு மதுரை பக்கம்தான்.

4. வில்லங்கத்தில் ஏற்று. டிக்ரியை ஆறப்போடாமல் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிந்துவை. நான் பதியவில்லை; அண்ணன் அதே நிலத்தை அடமானம் வைத்தார். ஏமாற்றிவிட்டார் என்று ஊரெல்லாம் சொல்லித் திரிந்தேன். வாசலைத் திறந்து போட்டவன் நான்தான் என்று ஒப்புக்கொள்ள வெகுநாளாயிற்று.

5. பட்டாவுக்கு நடக்கக் கூச்சப்படாதே. இ-சேவை மையத்தில் மனு கொடு. உட்பிரிவு செய்ய சர்வேயர் வந்து அளப்பார். மறுத்தால் காரணத்தை எழுத்தில் கேள். 1983-ஆம் வருஷத்துப் பட்டா பாஸ்புத்தகச் சட்டத்தில் தாசில்தாருக்கு மேலே முறையிட வழி இருக்கிறது: கோட்டாட்சியர், அவருக்கு மேல் மாவட்ட வருவாய் அலுவலர். மேஜைக்கு அந்தப் பக்கம் இருப்பவரை எதிராளியாக்கிக்கொள்ளாதே. குரல் உயர்த்திய நாளெல்லாம் எனக்கு வீண்நாள்தான்.

6. பட்டா வந்ததும் டிக்ரியைப் பரணில் எறியாதே. வருவாய்ப் பதிவேட்டில் பெயர் மாறுவதால் மட்டும் சொத்துரிமை வந்துவிடாது என்று உச்ச நீதிமன்றம் 2021-இலும் சொல்லியிருக்கிறது. பட்டா நிழல் என்றால் டிக்ரிதான் மரம்.

7. பூட்டை உடைக்காதே. உன் நிலத்தில் பிறத்தியார் பட்டாசு ஷெட் நிற்கிறது. நாக்பூர் வெடிபொருள் துறை லைசென்ஸோ, மாவட்ட வருவாய் அலுவலர் (டி.ஆர்.ஓ.) லைசென்ஸோ, அது எந்த சர்வே எண்ணில் இருக்கிறது என்று முதலில் பார்த்து, லைசென்ஸ் கொடுத்தவர்களுக்கு டிக்ரி நகலோடு எழுது. சுவாதீனம் வேண்டுமென்றால் கோர்ட்டில் நிறைவேற்று மனு போடு. அதற்கு 12 வருஷ அவகாசம் இருக்கிறது, அமீனா வருவார். மருந்து கிடக்கும் இடத்துக்குக் கோபத்தோடு போகக் கூடாது, தம்பி.

8. அளக்கும் நாளில் எதிராளியையும் கூப்பிடு. கடைசியில் என் நிலத்தை அளக்க வந்த அன்று, கரிசலில் புதைந்துபோன பழைய எல்லைக்கல்லை யாராலும் கண்டுபிடிக்க முடியவில்லை. வேலியோரம் பேசாமல் நின்றிருந்த அண்ணன் வந்து, ஓரிடத்தைக் காலால் தட்டி, “இங்கே தோண்டு” என்றார். அப்பாவோடு சேர்ந்து அந்தக் கல்லை நட்டவர் அவர்தானே. பட்டா மாறியது பிறகுதான். நானும் அவரும் மறுபடி பேசத் தொடங்கியது அன்றைக்கு.